நான் வெட்டிய பன்னிரண்டு பக்கங்கள்

புதிதாகச் சேர்ந்திருக்கும் நான்கு பேருக்கும் எழுதுகிறேன்.

பிழை திருத்துவது பற்றி உங்களுக்கு அரை மணி நேரம் பேச வேண்டும் என்று அலுவலகத்திலிருந்து அழைத்தார்கள். வர மாட்டேன் என்று சொல்லிவிட்டேன். பிழை திருத்த அகராதி இருக்கிறது, கணினி இருக்கிறது, ஒற்று விடுபட்டால் சிவப்புக் கோடு விழுகிறது. இருபத்தாறு வருட வேலையில் நான் செய்த பெரிய பிழைக்குச் சிவப்புக் கோடு விழவில்லை. அதைச் சொல்ல மைக் வேண்டாம். எழுதுகிறேன். மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு ஓரமாக உட்கார்ந்து படியுங்கள்.

இப்போது எழுதுவதற்குக் காரணம் இருக்கிறது. டாக்டரின் மூன்றாவது கைப்பிரதி உங்கள் மேசைக்கு வந்துவிட்டதாம். அத்தியாய முடிவில் வரும் பக்கங்களைப் புரட்டிவிட்டு உங்களில் ஒருவர், "இது எதுக்கு, சும்மா இழுக்குது" என்றாராம். யார் என்று தெரியும். கோபமில்லை. அதே மேசையில், அதே சன்னலோரத்தில், கீழே பூக்கடையில் தண்ணீர் தெளித்த மல்லிகையின் வாசனை பிரிக்பீல்ட்ஸ் தெரு வெயிலோடு படியேறி வரும் நேரத்தில், நானும் அதையேதான் சொன்னேன். சொன்னதோடு நிற்கவில்லை. வெட்டினேன்.

டாக்டர் உங்களுக்கு அட்டையில் அச்சான பெயர். எனக்கு அவர் முதலில் ஒரு குடையாகத்தான் அறிமுகமானார். மழை நாள். படிக்கட்டு முழுக்கச் சொட்டிக்கொண்டே ஏறி வந்த ஒரு பெரிய கறுப்புக் குடை, அதன் பின்னால் என்னைவிட நாலைந்து வயது இளையவராக ஒரு பெண். பொருளாதாரத்தில் டாக்டர் பட்டம் வாங்கி, அரசாங்கத்தின் நிதித் துறையில் இருபது வருடம் இருந்துவிட்டு, ஓய்வூதியத்துக்குக் காத்திராமல் விலகியவர். தாத்தா ரயில்வே வேலைக்காக யாழ்ப்பாணத்திலிருந்து வந்தவராம். மூன்று தலைமுறை கழிந்தும் அந்தப் பேச்சு அவரிடம் அப்படியே இருந்தது. குடையை மடக்காமலே ஒரு கட்டுத் தாளை என் மேசையில் வைத்தார்.

"தமிழிலதான் எழுதியிருக்கிறன் அக்கா. பிழை இருக்கும். கருத்தில பிழை இருந்தா சொல்லுங்கோ, எழுத்தில இருந்தா நீங்களே திருத்துங்கோ."

மத்திய வங்கி என்றால் என்ன, வட்டி விகிதத்தை அது ஏன் ஏற்றுகிறது, ஏன் இறக்குகிறது, அது நம் வீட்டு அடுப்பு வரை எப்படி வந்து சேர்கிறது. பன்னிரண்டு அத்தியாயங்கள். கொள்ளைநோய்க் கால நடமாட்டக் கட்டுப்பாடு அப்போதுதான் தளர்ந்திருந்தது. வட்டி தரையைத் தொட்டுக்கொண்டிருந்தது. எங்கள் போஸ், பதிப்பக முதலாளி, நாற்காலியில் சாய்ந்து இரண்டு பக்கம் புரட்டினார். கோயில் மலரும், திருமண அழைப்பிதழும், கவிதைத் தொகுப்பும் போட்டு வளர்ந்த நிறுவனம் இது. தெரியும்தானே.

"டாக்டர், இதெல்லாம் இங்கிலீஷ்ல எழுதுனா யூனிவர்சிட்டில எடுப்பாங்க. தமிழ்ல வட்டியப் பத்தி யாரு படிப்பா?"

"வட்டி கட்டுறவை படிப்பினம்."

போஸ் சிரித்துவிட்டார். "போட்டுருவோம்லா."

இந்த ஒரு விஷயத்தில் நான் இன்றைக்கும் யாருக்கும் விட்டுக் கொடுக்க மாட்டேன். இந்த நாட்டில் நம் மொழிக்கு மேடை கிடைக்கும், மாலை கிடைக்கும், பொன்னாடை தாராளமாகக் கிடைக்கும். மேசை கிடைக்காது. உட்கார்ந்து யோசிக்கிற மேசை. அழுவதற்கும் கும்பிடுவதற்கும் தமிழ், கடன் பத்திரம் படிக்க வேறு மொழி என்று நம் ஆட்களே பிரித்து வைத்துவிட்டார்கள். டாக்டர் அந்த மேசையை இரண்டு கையாலும் இழுத்து வந்து நடுக்கூடத்தில் போட்டார். நான் அதன் ஒரு காலை வெட்டினேன். அந்தக் கதைக்கு வருகிறேன்.

ஒவ்வொரு அத்தியாயத்தின் முடிவிலும் அவர் ஒரு தனிப் பக்கம் வைத்திருந்தார். தலைப்பு எல்லாவற்றுக்கும் ஒன்றுதான்: 'எனக்குத் தெரியாதவை'. நாலாவது அத்தியாயத்தின் அந்தப் பக்கம் எனக்கு இப்போது மனப்பாடம்.

"வட்டி இன்னும் சில காலம் தாழ்ந்தே இருக்கும் என்று மேலே எழுதியிருக்கிறேன். வெளிநாட்டில் விலைகள் ஏறினால் மத்திய வங்கி எவ்வளவு வேகமாக வட்டியைத் தூக்கும் என்பது எனக்குத் தெரியாது. இந்த ஓர் அத்தியாயத்தை நம்பி முப்பது வருடக் கடனில் கையெழுத்துப் போட வேண்டாம். ஏறினால் தாங்குமா என்று உங்கள் மாதச் செலவைக் கேட்டுப் பாருங்கள். அதற்கு என்னைவிட அதிகம் தெரியும்."

எனக்கு அந்தப் பக்கங்களைப் பிடிக்கவில்லை. உரைநடையில் தாளம் தேடுகிறவள் நான். ஒவ்வொரு அத்தியாயத்தின் கடைசி வாக்கியத்தையும் இழைத்து இழைத்து, மணியடித்து நிற்பது போல் நிறுத்தியிருந்தேன். அதற்குப் பின்னால் இந்தப் பக்கம் வாசலில் செருப்பைத் தேடிக்கொண்டு நிற்கும் விருந்தாளி போல் நின்றது. டாக்டரிடம் இரண்டு முறை சாடையாகச் சொல்லிப் பார்த்தேன். அவர் சாடை புரியாத மனுஷி.

பிறகு ஃபாரம் வந்தது. உங்களுக்கு இது தெரிந்திருக்க வேண்டும்: அச்சில் ஒரு பெரிய தாளில் பதினாறு பக்கம் சேர்ந்து விழும், அதற்குத்தான் ஃபாரம் என்று பெயர். பத்து ஃபாரத்தில் முடியும் என்று விலை பேசியிருந்தோம். பக்கம் கட்டிப் பார்த்தால் பன்னிரண்டு பக்கம் அடுத்த ஃபாரத்துக்குள் வழிந்து நின்றது. சாலாக் செலாத்தானில் அச்சகத்துக்காரர் போனில் காத்திருந்தார்.

"பன்னெண்டு பக்கம் கொறைச்சா பத்து ஃபாரம்," என்றார் போஸ். "இல்லன்னா வெல ஏத்தணும். ஏத்துனா யாரும் வாங்க மாட்டான். எதயாச்சும் எடும்மா."

பன்னிரண்டு அத்தியாயம். பன்னிரண்டு பக்கம். அச்சு யந்திரமே என் பக்கம் பேசுகிறது என்று தோன்றியது.

டாக்டருக்கு அன்று காய்ச்சல். போன் அடித்தேன், எடுக்கவில்லை. இதைக் கவனியுங்கள்: ஒரு முறைதான் அடித்தேன். பூக்கடையில் சில்லறை மாற்றக் கூட இரண்டு முறை கூப்பிடுகிறவள், அன்று ஒரு முறை அடித்துவிட்டு, கடமை முடிந்ததென்று போனைக் கவிழ்த்து வைத்தேன். பத்து நிமிடத்தில் பன்னிரண்டு பக்கமும் போயின. புத்தகம் இளைத்து அழகாக இருந்தது.

அந்தப் புத்தகம் நன்றாகவே போனது. மேடையில் மேற்கோள் காட்டினார்கள், வானொலியில் அரை மணி நேரம் பேசினார்கள். 'தெளிவாக, உறுதியாக எழுதுகிறார்' என்று எல்லோரும் சொன்னார்கள். அந்த உறுதி டாக்டருடையது அல்ல, என்னுடையது.

அவர் தன் பிரதியோடு வந்தார். உட்காரவில்லை. முதல் அத்தியாயத்தின் முடிவைப் பிரித்துக் காட்டினார், பிறகு இரண்டாவதை, பிறகு மூன்றாவதை. ஐந்தாவதுக்கு வந்தபோது நான்தான், "போதும் டாக்டர்" என்றேன்.

"ஏன் அக்கா வெட்டினீங்கள்?"

"ஃபாரம் இடிச்சது. உங்களுக்குப் போன் அடிச்சேன், நீங்க எடுக்கல."

"ஃபாரம் இடிச்சா முன்னுரையை வெட்டியிருக்கலாம். நன்றியுரையை வெட்டியிருக்கலாம். என்ட படத்தை முழுப் பக்கத்துக்குப் போட்டிருக்கிறீங்கள், அதையும் வெட்டியிருக்கலாம்." குரல் ஏறவே இல்லை. "தெரியாது எண்டதைத் தெரியாது எண்டு சொல்லுறதுக்குத்தான் நான் அந்த வேலையை விட்டிட்டு வந்தனான். அங்க அப்பிடிச் சொல்ல ஏலாது."

கத்தியிருந்தால் நான் பதிலுக்குக் கத்தியிருப்பேன். அவர் குடையை எடுத்துக்கொண்டு போய்விட்டார். அடுத்த பதிப்பில் சேர்த்துக்கொள்ளலாம் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அடுத்த பதிப்புக்கு ஒரு பெயர் உண்டு நம் தொழிலில்: தள்ளிப்போட்ட மன்னிப்பு.

வட்டி ஏறத் தொடங்கியது. ஒரு முறை, மறுபடியும், மறுபடியும்.

ஒரு வெள்ளிக்கிழமை மதியம், தொழுகை நேரத்துக்காக வங்கி மூடுவதற்கு முன் வேலையை முடிக்க போஸ் வெளியே போயிருந்தார். படியேறி ஒருவர் வந்தார். ஐம்பது வயது இருக்கும். சட்டைப் பையில் பள்ளி வேன் உரிமத்தின் அட்டை. பெயர் குணா என்றார். பிளாஸ்டிக் பையிலிருந்து எங்கள் புத்தகத்தை எடுத்தார். பள்ளிப் பிள்ளைகள் பாடநூலுக்குப் போடுவது போல் கண்ணாடித் தாளில் உறை போட்டிருந்தார். நாலாவது அத்தியாயத்தில் ரூலர் வைத்துக் கோடு இழுத்திருந்தார்.

"இத எழுதுனவங்களப் பாக்கணும்க்கா."

"அவங்க இங்க வர்றது இல்லண்ணே. என்ன விஷயம்?"

"கம்போங் மேடான் ஃபிளாட்ல இருந்தேன். கிள்ளான்ல வரிசையாக் கட்டுன தெரஸ் வீடு ஒண்ணு தோதா வந்துச்சு. லோன் எடுக்கலாமா வேணாமான்னு ஒரு மாசம் முழிச்சிட்டு இருந்தேன். இத நாலு தடவ படிச்சேன். வட்டி கொஞ்ச காலம் இப்படித்தான் இருக்கும்னு இருந்துச்சு. சரி, படிச்சவங்க சொல்றாங்கன்னு சைன் பண்ணிட்டேன்."

"இப்ப?"

"ரெண்டு வேன் ஓட்டுனேன். ஒண்ண வித்தாச்சு." புத்தகத்தைத் தடவினார். "சண்ட போட வரலக்கா. ஒண்ணே ஒண்ணு கேக்கணும். இத எழுதுனவங்க இருக்கறது வாடக வீடா, சொந்த வீடா?"

அந்தக் கேள்விக்கு நான் சொன்ன பதில் இது. அப்படியே எழுதுகிறேன், கூட்டாமல் குறைக்காமல்: "நூலில் உள்ள கருத்துகளுக்கு நூலாசிரியரே பொறுப்பு அண்ணே."

நம் எல்லாப் புத்தகத்திலும் இரண்டாம் பக்கத்தில் சிறிய எழுத்தில் போடுகிற வாக்கியம். அச்சில் இருக்கும்போது அது ஒரு வழக்கம். ஒரு மனிதரின் முகத்துக்கு நேரே என் வாயால் சொன்னபோது அது பச்சைப் பொய். வெட்டிய பக்கம் என் கணினியில்தான் இருந்தது, அவர் கை வைத்திருந்த மேசையிலேயே. திருப்பிக் காட்டியிருந்தால் முடிந்தது.

"சரிக்கா," என்று புத்தகத்தைப் பைக்குள் வைத்தார். படியில் இரண்டு அடி இறங்கி நின்று திரும்பினார். "படி ரொம்பச் செங்குத்தா இருக்குக்கா. வயசானவங்க வந்தா விழுந்துருவாங்க. ஒரு கம்பி போடச் சொல்லுங்க."

உங்கள் படிக்கட்டில் இன்றைக்கு இருக்கும் கைப்பிடிக் கம்பி அவர் சொன்னதுதான். அடுத்த வாரமே போட வைத்தேன். அதை மட்டும்தான் செய்தேன்.

அடுத்த வருடம் டாக்டர் மறுபடி வந்தார். இரண்டாவது புத்தகம், இதிலும் பன்னிரண்டு அத்தியாயங்கள். வரி எங்கிருந்து வருகிறது, அரசாங்கம் எதற்குச் செலவழிக்கிறது, மானியம் யாரைச் சேர்கிறது, கடன் வாங்கினால் எந்தத் தலைமுறை கட்டுகிறது. வேறு பதிப்பகத்துக்குப் போயிருக்கலாம். ஏன் எங்களிடம் வந்தார் என்று கேட்டேன்.

"நீங்கள் வெட்டினதை ஒளிக்கேல்லையே. இன்னொரு ஆள் வெட்டிப்போட்டு அச்சகத்துப் பிழை எண்டு சொல்லியிருப்பார்." பிறகு, "அந்தப் பக்கத்தில கை வைக்க மாட்டன் எண்டு சொல்லுங்கோ. இல்லாட்டி தர மாட்டன்."

கை வைக்க மாட்டேன் என்றேன். குணாவைப் பற்றியும் சொல்ல வாய் வந்தது. சொல்லவில்லை. ஒளிக்கவில்லை என்று நம்பி வந்தவரிடம் ஒளித்தேன்.

இந்த முறை ஃபாரம் இடிக்கவில்லை. ஒரு டத்தோ இடித்தார், அரசுப் பட்டம் வாங்கிய சங்கத் தலைவர். வெளியீட்டுக்குத் தலைமை தாங்கி, தன் சங்கக் கிளைகளுக்குக் கொடுக்க ஒரு பெரிய எண்ணிக்கையில் பிரதி எடுத்துக்கொள்வதாகச் சொல்லியிருந்தார். அந்த எண்ணிக்கையை நம்பித்தான் போஸ் தாள் வாங்கியிருந்தார். டத்தோவின் குரல் போனிலிருந்து கூடம் முழுக்கக் கேட்டது.

"புத்தகம் நல்லாருக்கு. ஆனா இது என்ன, ஒவ்வொரு அத்தியாயத்துக்கும் தெரியாது தெரியாதுன்னு? அரசாங்கத்துல இருந்தவங்களே தெரியாதுன்னா நான் மேடையில என்னத்தப் பேசறது? அத எடுத்துருங்க."

போஸ் போனை வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். "எடும்மா."

"மாட்டேன் போஸ்."

"போன தடவ எடுத்த?"

"அதனாலதான்."

"அப்ப நானே எடுக்கறேன், நகரு."

ஈய எழுத்துக் காலத்து மனிதர். ஒரு காலத்தில் கண்ணை மூடிக்கொண்டு எழுத்துக் கோத்தவர். என் நாற்காலியில் உட்கார்ந்து மௌஸைப் பிடித்தார். முதல் பக்கம் போயிற்று. கூடவே பக்க எண்கள் ஓடின, படங்கள் ஒன்றின் மேல் ஒன்று ஏறின, மூன்றாவது அத்தியாயம் ஏழாவதுக்குள் புகுந்தது. கால் மணி நேரம் போராடினார். நான் டீ வாங்கி வந்து வைத்தேன்.

"இத எப்படிப் பழையபடி கொண்டு வர்றது?"

கொண்டு வந்தேன். பன்னிரண்டும் வந்தன.

"பிடிவாதக்காரி," என்றார். "டத்தோகிட்ட நீயே சொல்லிக்க. எனக்குத் தெரியாது."

"அத ஒரு பக்கத்துல எழுதிக் குடுங்க போஸ், சேர்த்துடறேன்."

திட்டவும் முடியாமல் சிரிக்கவும் முடியாமல் டீயைக் குடித்தார். புத்தகம் முழுதாக அச்சுக்குப் போனது. நான் டத்தோவிடம் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் அது அனுமதி கேட்பதாக ஆகியிருக்கும்.

கிள்ளானில் மண்டபம். நம் வெளியீடுகள் எப்படி நடக்கும் என்று உங்களுக்குத் தெரியும். தட்டில் வண்ணத் தாள் சுற்றிய முதல் நூல், ரிப்பன், பணம் வைத்த உறை, வரிசை, படம். வாங்குகிறவர்கள் யாரும் மண்டபத்தில் புத்தகத்தைத் திறப்பதில்லை. டத்தோ திறந்தார். பேச்சுக்கு நடுவில் ஒரு வரி வாசித்துக் காட்டலாம் என்று நினைத்திருப்பார். பிரித்த இடத்தில் அந்தப் பக்கம். வாசலோரம் விற்பனை மேசையில் இருந்த எனக்கே அவர் புருவம் ஏறியது தெரிந்தது. அனுபவசாலி. கோபத்தை நகைச்சுவையாக மாற்றிக்கொண்டார்.

"இதோ பாருங்க. நாட்டோட பணத்தப் பத்தி டாக்டர் புத்தகம் எழுதுறாங்க. முடிவுல ஒரு பக்கம், தலைப்பு என்ன? 'எனக்குத் தெரியாதவை'. டாக்டருக்கே தெரியலன்னா நாம யாருகிட்டப் போறது, ஜோசியர்கிட்டயா?"

மண்டபம் சிரித்தது. டாக்டர் மேடைக் கோடி நாற்காலியில், காலடியில் குடையோடு உட்கார்ந்திருந்தார். சிரிப்பு அடங்கும் முன் மூன்றாவது வரிசையில் ஒருவர் எழுந்தார். கையில் பிளாஸ்டிக் பை.

"டத்தோ, மன்னிக்கணும். டாக்டர்கிட்ட ஒரு கேள்வி. நான் பள்ளி வேன் ஓட்டறேன். வீட்டு லோன வேற பேங்க்குக்கு மாத்துனா மாசா மாசம் ஒரே தொகைதான், ஏறாது எறங்காதுன்னு கடிதம் குடுத்துருக்காங்க. ஆனா இப்பக் கட்டறத விடக் கொஞ்சம் கூட. திங்கக்கெழமைக்குள்ள பதில் சொல்லணும். வட்டி இன்னும் ஏறுமா? நான் சைன் பண்ணலாமா?"

எல்லாத் தலையும் டாக்டர் பக்கம் திரும்பின. ஒரு வார்த்தை போதும், மண்டபம் அவர் காலில் விழும். டாக்டர் எழுந்து மைக் அருகே வந்தார்.

"ஏறுமோ இறங்குமோ, எனக்குத் தெரியாது."

யாரோ பின்னால் சிரித்தார்கள். அவர் காத்திருந்தார்.

"இப்ப நான் கேக்கிறன். இன்னும் ரெண்டு தரம் ஏறினா உங்களால தாங்க ஏலுமோ?"

"முடியாது. இருக்கற ஒரு வேனும் போயிரும்."

"இறங்கினா, கூடக் கட்டிப்போட்டன் எண்டு வருத்தப்படுவீங்களோ?"

குணா யோசித்தார். "வருத்தப்படுவேன். ஆனா வேன் இருக்கும்."

"அப்ப கேள்வி வட்டியைப் பற்றி இல்லை. எதை இழக்க ஏலாது எண்டதுதான் கேள்வி. அதுக்குப் பதில் உங்களிட்ட இருக்கு."

குணா உட்காரவில்லை. பையிலிருந்து பழைய புத்தகத்தை எடுத்தார். கண்ணாடித் தாள் விளக்கில் மின்னியது. "இதயே மொத புத்தகத்துல எழுதியிருந்தா அன்னிக்கே நான் என்னையக் கேட்டுருப்பேன் டாக்டர். இதுல அப்படி ஒண்ணும் இல்லயே."

டாக்டர் அந்தப் புத்தகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். நிமிர்ந்து என்னைப் பார்க்கவில்லை. வேண்டுமென்றே பார்க்கவில்லை என்று எனக்குத் தெரிந்தது.

"அது என்ட புத்தகம்," என்றார். "பிழை என்ட."

பிள்ளைகளே, இருபத்தாறு வருடம் நான் மற்றவர்களின் வாக்கியங்களைத் திருத்தினேன். அந்த ஒரு வாக்கியத்தைத் திருத்தாமல் விட்டிருந்தால் என் வேலைக்கு அர்த்தமே இல்லை. விற்பனை மேசையிலிருந்து எழுந்தேன். நடுவழியில் நடந்து குணாவின் வரிசை வரை போய் நின்றேன். மைக் இல்லை. மண்டபம் சின்னது, என் குரல் பெரியது.

"டாக்டர் சொல்றது தப்பு. அந்தப் பக்கத்த அவங்க எழுதினாங்க. பன்னெண்டு பக்கம் எழுதினாங்க. வெட்டுனது நான். நீங்க ஆபீசுக்கு வந்தப்பவும் சொல்லாம மறைச்சது நான். இந்தப் புத்தகத்துலயும் வெட்டச் சொன்னாங்க, வெட்டல. டத்தோ கையில இருக்கறது அந்தப் பக்கந்தான்."

டத்தோ புத்தகத்தை மூடித் தட்டில் வைத்தார். அறிவிப்பாளர் அவசரமாக நன்றியுரைக்குப் போனார். சாப்பாட்டுக்கு முன்பே டத்தோவின் கார் கிளம்பியது. அவர் எடுப்பதாக இருந்த பிரதிகள் மண்டபத்து மூலையில் கட்டவிழ்க்காமலே நின்றன.

வெளியே வேன் அருகே குணா நின்றிருந்தார்.

"அன்னிக்கே சொல்லியிருக்கலாமேக்கா."

"சொல்லியிருக்கலாம்."

"ஏன் சொல்லல?"

"பயம்."

"வேன் ஓட்டறவனப் பாத்தா?" சிரித்தார். முழுச் சிரிப்பு இல்லை. ஒரு வேனின் விலை அந்தச் சிரிப்பில் குறைந்திருந்தது. பிறகு புத்தகத்தை நீட்டினார். "வெட்டுன பக்கம் இன்னும் இருக்கா?"

"இருக்கு. பன்னெண்டும்."

"ஒட்டிக் குடுங்க."

"இனிமே உங்களுக்கு என்னண்ணே பிரயோசனம்?"

"எனக்கு இல்லக்கா. மச்சினன் சாலாக் செலாத்தான்ல வீடு பாக்கறான், இந்தப் புத்தகத்தக் கேக்கறான். இப்படியே எப்படிக் குடுக்கறது?"

திரும்பும் வழியில், நெடுஞ்சாலை நெரிசலில், போஸ்தான் காரை ஓட்டினார். பிரிக்பீல்ட்ஸில் இறக்கிவிடும்போது, "நாளைக்கு வராத," என்றார். மறுநாள் எட்டரைக்கு என் சாவியால் அலுவலகத்தைத் திறந்தேன். பன்னிரண்டு பக்கங்களையும் அச்சிட்டேன், ஓரம் நறுக்கினேன், பக்கத்து மளிகைக் கடையில் மைதா வாங்கிப் பசை காய்ச்சினேன். பத்து மணிக்கு அவர் படியேறி வந்தார். கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்று பார்த்தார்.

"வராதன்னேன்ல."

"கேட்டுச்சு போஸ்."

மேசையில் விரித்த புத்தகத்தை எடுத்தார். அத்தியாயம் முடியும் மடிப்பில் தாளின் ஓரத்தில் ஒரு நூல் அகலத்துக்குப் பசை தடவி, விரல் நுனியால் நீவிச் செருகினார். கோணலே இல்லை. "கணினியில வராது," என்றார், "இது வரும்." அதற்குப் பிறகும் நான் ஓய்வு பெறும் வரை அங்கேதான் வேலை செய்தேன். டத்தோவின் பிரதிகளை ஒன்று, இரண்டு என்று கையில் விற்றுத் தீர்க்க வருடங்கள் ஆயின. போஸ் அதைச் சொல்லிக் காட்டாத மாதம் இல்லை. சொல்லட்டும்.

குணா கையெழுத்துப் போட்டார். அது சரியான முடிவா என்று எனக்குத் தெரியாது.

இப்போது உங்கள் மேசையில் இருக்கும் கைப்பிரதிக்கு வாருங்கள். அதன் பக்கங்கள் இழுக்கின்றன என்றால் இழுக்கட்டும். எழுதியவர் தன் அறிவின் எல்லையைக் காட்டும் இடத்தில்தான் படிக்கிறவருக்கு நிற்க இடம் கிடைக்கிறது. ஃபாரம் இடித்தால் முன்னுரையை வெட்டுங்கள், வாழ்த்துரையை வெட்டுங்கள், எழுத்தாளர் படத்தைத் தபால்தலை அளவுக்குச் சுருக்குங்கள். விலை ஏறும் என்று சொல்வார்கள். ஏறட்டும். டத்தோ வர மாட்டார் என்று சொல்வார்கள். நாற்காலி மிச்சம். எழுத்தாளர் போனை எடுக்காவிட்டால் மறுபடி அடியுங்கள், குடையோடு அவர் வீட்டுக்குப் போய்க் கதவைத் தட்டுங்கள். உங்கள் வாக்கியம் அழகாக மணியடித்து நிற்கிறது என்று தோன்றினால், உடனே சந்தேகப்படுங்கள்.

கடைசியாக ஒரு வேலை. சன்னலோர அலமாரியின் கீழ்த்தட்டில் பன்னிரண்டு பன்னிரண்டு தாளாக நறுக்கிக் கட்டிய கட்டுகள் இருக்கின்றன. பக்கத்தில் தூரிகை. பசையை மட்டும் புதிதாகக் காய்ச்சிக்கொள்ளுங்கள். முதல் பதிப்பு இன்னும் பல வீடுகளில் இருக்கிறது. யாராவது படியேறி அதைக் கொண்டு வந்தால், உட்கார வைத்து, அங்கேயே ஒட்டிக் கொடுங்கள். காசு வாங்காதீர்கள். நூலாசிரியரே பொறுப்பு என்று சொல்லாதீர்கள்.

யார் வெட்டினது என்று கேட்டால், என் பெயரைச் சொல்லுங்கள்.